1974ஆம் ஆண்டுப் படம் சொன்ன சாட்சி

கடலூர் மாவட்டம் விருத்தாசலத்தின் விருத்தகிரீசுவரர் கோயிலில், சுவர்க் கோட்டம் ஒன்றில் நின்றிருந்த அர்த்தநாரீசுவரர் கற்சிலை 2004ஆம் ஆண்டு சிட்னி நகரத்து நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடத்துக்கு விலைக்குப் போனது. விற்றவர் நியூயார்க்கில் கடை நடத்திய சுபாஷ் கபூர். விலை சுமார் 3 லட்சம் டாலர். சிலையோடு ஒரு காகிதமும் போனது. 1970இல் டில்லிக் கடை ஒன்றில் காசு கொடுத்து வாங்கிய சிலை இது என்றது அந்தக் காகிதம்.

ஆண்டை யோசித்துத்தான் போட்டிருக்கிறார்கள். பண்பாட்டுச் சொத்துகளின் கள்ளக் கடத்தலுக்கு எதிரான யுனெஸ்கோ உடன்படிக்கை 1970இல் வந்தது. இந்தியாவின் தொல்பொருள், கலைக் கருவூலங்கள் சட்டம் 1972இல் இயற்றப்பட்டு 1976இல் நடைமுறைக்கு வந்தது. இந்த எல்லைக்கு முன்பே கைமாறிய பொருள் என்று காட்டிவிட்டால், வாங்குகிற அருங்காட்சியகம் மேற்கொண்டு அதிகம் கேட்காது என்பது சந்தைக்காரர்களின் கணக்கு.

அந்தக் கணக்கைக் கவிழ்த்தது புதுச்சேரியில் இருந்த ஒரு கறுப்பு வெள்ளைப் படம். பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் நிழற்படத் தொகுப்பில் உள்ள அந்தப் படம் 1974இல் எடுக்கப்பட்டது. அதில் அர்த்தநாரீசுவரர் விருத்தாசலத்திலேயே, தம்முடைய கோட்டத்திலேயே நிற்கிறார். 1970இல் டில்லியில் விற்றுப்போன சிலை 1974இல் விருத்தாசலத்தில் எப்படி இருக்கும்? திருட்டுப்போன சிலைகளைத் தேடும் எஸ். விஜயகுமாரும் அவருடைய 'இந்தியா பிரைடு புராஜெக்ட்' நண்பர்களும் இந்தப் படத்தையும் சிட்னிக் கலைக்கூடத்துச் சிலையின் படத்தையும் அருகருகே வைத்துக் காட்டியபோது அந்தக் காகிதம் செல்லாக்காசானது. 2014 செப்டம்பரில் ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபாட் டில்லிக்கு வந்தபோது இந்தச் சிலையையும், அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தானின் நடராசரையும் திருப்பிக் கொடுத்தார். அதே விருத்தாசலம் கோயிலிலிருந்து போன பிரத்யங்கிரா சிலையைக் கான்பெராவின் தேசியக் கலைக்கூடம் 2005இல் வாங்கியிருந்தது. அதையும் பிடித்துக் கொடுத்தது 1974ஆம் ஆண்டுப் படம்தான். அது 2016இல் திரும்பியது.

இந்தக் கதையைச் சிலை மீட்பின் வெற்றியாகப் பலரும் சொல்லிவிட்டார்கள். எனக்கு இதில் முக்கியமாகப் படுவது வேறு. அர்த்தநாரீசுவரர் கற்சிலைகள் தமிழ்நாட்டில் எத்தனையோ கோயில்களில் உள்ளன. வெறும் படம் ஒன்று மட்டும் கிடைத்திருந்தால், எதிர்த்தரப்பு வழக்குரைஞர் 'இது வேறு கோயில்' என்று சொல்லிவிட்டுப் போயிருப்பார். படத்தோடு ஒட்டியிருந்த குறிப்பு அதற்கு இடம் தரவில்லை. எந்த ஊர், எந்தக் கோயில், எந்த ஆண்டு என்ற விவரங்கள் அதில் இருந்தன. அலுப்பூட்டும் வேலை அது. வெயிலில் கோயில் சுற்றிப் படம் எடுத்துவிட்டு மாலையில் உட்கார்ந்து அதை எழுதியவர்களுக்குக் காவல்துறையோ நீதிமன்றமோ மனதில் இருந்திருக்காது. 1955இல் தொடங்கிய அந்த நிறுவனத்தில் ழான் ஃபிலியோசாவும் அவருக்குப் பின் வந்தவர்களும் தேடியது சைவ ஆகமமும் படிமக் கலையும். ஆய்வுக்கு உதவும் என்று 1956 முதல் கோயில் கோயிலாகப் படம் எடுத்தார்கள். இன்று அந்தத் தொகுப்பு ஒன்றரை லட்சம் படங்கள் அளவுக்கு வளர்ந்திருக்கிறது.

மின்னணு அருங்காட்சியகம் என்றதும் நம் மனம் திரையில் சுழலும் முப்பரிமாணச் சிலைக்குத்தான் போகிறது. அரசு விழாக்களில் காட்டுவதும் அதைத்தான். ஆனால் அந்த அமைப்பின் உயிர், யாரும் பார்க்க விரும்பாத பத்திகளில் இருக்கிறது. மெட்டாடேட்டா என்று கணினிக்காரர்கள் சொல்லும் விவரக்குறிப்பு அது. பழைய நெகட்டிவை ஸ்கேன் செய்யும்போது நடப்பதைப் பாருங்கள். நெகட்டிவ் உறையில் ஓர் எண் இருக்கும். அட்டையில் ஊரும் கோயிலும் இருக்கும். ஸ்கேனரோ தன் போக்கில் 0001, 0002 என்று புதுப் பெயர் வைக்கும். பழைய எண்ணும் புதிய பெயரும் ஒரே வரியில் கோக்கப்படாவிட்டால், நெகட்டிவும் பத்திரமாக இருக்கும், கோப்பும் பத்திரமாக இருக்கும், சாட்சியம் மட்டும் காணாமல் போயிருக்கும். இதில் காலக்கெடுவும் உண்டு. அசிடேட் பிலிம் நம் ஊர் வெக்கையிலும் ஈரப்பதத்திலும் சிதையத் தொடங்கினால் வினிகர் நெடி அடிக்கும். சுருண்டு, சுருங்கி, பூச்சு உரிந்துவிட்ட பிலிமை அதற்குப் பிறகு எத்தனை நல்ல ஸ்கேனரில் வைத்தும் பயனில்லை.

படமும் குறிப்பும் பிரியக் கூடாது என்பதற்குச் சிதம்பரத்தில் எழுநூறு ஆண்டுப் பழைய சான்று நிற்கிறது. நடராசர் கோயிலின் கிழக்குக் கோபுர வாயிலில், நாட்டிய நிலைகளைக் காட்டும் கரணச் சிற்பங்கள் அடுக்கடுக்காக உள்ளன. ஒவ்வொரு கரணத்தோடும் நாட்டிய சாத்திரத்தின் உரிய சுலோகத்தைக் கிரந்த எழுத்தில் வெட்டியிருக்கிறார்கள். தஞ்சைப் பெரிய கோயிலின் மேல்தளத்திலும் கரணங்கள் உண்டு. நாட்டிய சாத்திரம் சொல்லும் 108இல் 81 முடிந்து, மீதி 27 வெறும் கற்களாக நிற்கின்றன. ஆனால் அங்கே பெயர் பொறிக்கவில்லை. நூலின் வரிசையை வைத்துத்தான் எது எந்தக் கரணம் என்று அறிஞர்கள் அடையாளம் கண்டார்கள். ஒரு கல் இடம் மாறியிருந்தால் அந்த அடையாளம் தடுமாறும். சிதம்பரத்துக் கல் எங்கே போனாலும் தன் பெயரைத் தானே சொல்லும். சென்னைக் கல்வெட்டுத் துறையின் 1914ஆம் ஆண்டறிக்கை இவற்றில் 93 கரணங்களைப் படத்தோடும் சுலோகத்தோடும் வெளியிட்டது. 1926இல் பரோடாவிலிருந்து வந்த நாட்டிய சாத்திரப் பதிப்பும் சிதம்பரத்துக் கரணங்களைத்தான் எடுத்துக்கொண்டது. கோபுரத்தைக் கட்டியவர்கள் பக்தியோடு பட்டியலாளர் புத்தியும் கொண்டிருந்தார்கள் என்று நான் நினைக்கிறேன். இன்னொரு செய்தி: கிரந்த எழுத்து யூனிகோடில் இடம்பெற்றது 2014இல்தான். அந்தச் சுலோகங்களை அவை வெட்டப்பட்ட எழுத்திலேயே கணினியில் தேடக்கூடிய உரையாகப் பதிவது அதன் பிறகே ஒழுங்காக முடிந்தது.

சரி, ஓர் அருங்காட்சியகம் பொருளை எப்படிப் பதிகிறது? கடலூரில் உள்ள அரசு அருங்காட்சியகத்தையே எடுத்துக்கொள்வோம். 1851இல் தொடங்கிய எழும்பூர் அருங்காட்சியகத்தைத் தலைமையாகக் கொண்ட துறையின் மாவட்டக் கிளை அது. மாவட்டத்தில் எங்காவது வீட்டுக்கு வானம் தோண்டும்போது செப்புத் திருமேனி வெளிப்பட்டால், 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டப்படி அது ஆட்சியரிடம் போகும்; அங்கிருந்து பெரும்பாலும் அருங்காட்சியகத்துக்கு வரும். வந்ததும் காப்பாட்சியர் செய்யவேண்டிய முதல் வேலை, பதிவேட்டில் ஏற்றி எண் கொடுப்பது. அந்த எண் பொருளின் மேலேயே, கண்ணில் படாத மூலையில், பின்னால் அழிக்கக்கூடிய பூச்சின் மேல் எழுதப்படும். ஒரு பொருளுக்குக் கொடுத்த எண்ணை, அந்தப் பொருள் உடைந்து போனாலும், இன்னொன்றுக்குத் தரக்கூடாது. பதிவேட்டின் மற்ற எல்லா விதிகளும் இதற்கு அடுத்த படிதான்.

எண்ணுக்குப் பிறகு பெயர், பொருள் எதனால் ஆனது, உயரம், அகலம், எடை, காலம், கிடைத்த இடம், வந்த வழி. இவற்றை நிரப்பிவிடலாம். பலரும் ஒரே சொல்லில் முடித்துவிடும் பத்தி ஒன்று உண்டு: அடையாளக் குறிகள். திருட்டுப்போன கலைப்பொருள்களைத் தேடுவதற்காக 1997இல் உருவான 'ஆப்ஜெக்ட் ஐடி' என்ற பன்னாட்டு அளவுகோல் இந்தப் பத்திக்குத் தனி இடம் தருகிறது. 'அம்மன், செம்பு, இரண்டு அடி' என்று எழுதி வைத்தால் அது மாவட்டத்தில் உள்ள பாதி அம்மன்களுக்குப் பொருந்தும். இடது கைச் சுண்டுவிரல் முனை முறிந்தது, பீடத்தின் பின்பக்கம் வார்ப்புக் குழி, பிரபையின் ஒரு சுடர் இல்லை என்று எழுதினால் அது ஒரே ஓர் அம்மனைத்தான் குறிக்கும். சிலையின் குறைகளே அதன் அடையாளம். 1959ஆம் ஆண்டின் அறநிலையத் துறைச் சட்டம் ஒவ்வொரு கோயிலும் சொத்துப் பதிவேடு வைக்கவேண்டும் என்கிறது. அதில் நகையின் எடையைக் குறிக்கும் கவனம் சிலையின் முறிவைக் குறிப்பதிலும் இருந்திருந்தால், 1983இல் தொடங்கிய சிலைத் திருட்டுத் தடுப்புப் பிரிவின் வேலை எவ்வளவோ சுலபமாகியிருக்கும்.

இந்த ஒழுக்கம் நமக்குப் புதிதல்ல. எஃப். எச். கிரேவ்லியும் டி. என். இராமச்சந்திரனும் 1932இல் வெளியிட்ட சென்னை அருங்காட்சியக உலோகத் திருமேனிப் பட்டியல் இன்றும் ஆய்வாளர் மேசையில் இருக்கிறது. அதே அருங்காட்சியகத்தின் ஆய்வகத்தில் எஸ். பரமசிவன் களிம்பேறிய செப்புத் திருமேனிகளை மின்பகுப்பு முறையில் மீட்கும் வழிகளைச் செய்து பார்த்தார். உப்புக்காற்றில் வரும் குளோரைடு உள்ளே புகுந்து பச்சைப் பொடியாகத் தின்னும் நோய் அது. கடலூர் போன்ற கரையோர ஊருக்கு அந்த அறிவு அன்றாடத் தேவை. பட்டியலில் 'நிலை' என்ற பத்தி இதற்காகத்தான். இந்த ஆண்டு படத்தில் இல்லாத பச்சைப் புள்ளி அடுத்த ஆண்டு படத்தில் இருந்தால், அந்தத் திருமேனியை எடுத்து ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும்.

இந்திய அரசு அருங்காட்சியகங்கள் மின்னணுப் பதிவுக்கு 'ஜதன்' என்ற மென்பொருளைப் பயன்படுத்துகின்றன. புணே சி-டாக் உருவாக்கியது. தேசிய அருங்காட்சியகங்களின் பதிவுகள் அதன் வழியாக 2014 முதல் ஒரே இணையதளத்துக்கு வரத் தொடங்கின. மென்பொருள் பத்திகளைக் கொடுக்கும்; நிரப்ப ஆள் வேண்டும். பணமும் ஆளும் உள்ள இடங்களில்கூட இது சறுக்குகிறது. 2023இல் லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் ஏறத்தாழ 2,000 பொருள்கள் காணாமல் போனதும் சேதமானதும் வெளியே வந்தது. பெரும்பாலும் சிறிய செதுக்குக் கற்களும் நகைகளும். முழுமையாகப் பதியப்படாமல் கிடந்தவை அதிகம் என்பதால், காணாமல் போனது என்ன என்று சொல்வதே கடினமாயிற்று. தொகுப்பு முழுவதையும் ஐந்தாண்டில் மின்னணுவாக்குவோம் என்று அவர்கள் அறிவித்தது அதன் பிறகு.

இடப் பெயரைப் பதிவதில் நம் கடலூர் மாவட்டத்துக்கே உரிய சிக்கல் ஒன்று உண்டு. 1974ஆம் ஆண்டுப் படத்துக்கு மாவட்டம் எழுதினால் தென்னார்க்காடு என்றுதான் எழுத முடியும். கடலூர் மாவட்டம், விழுப்புரம் மாவட்டம் என்று அது பிரிந்தது 1993இல். விருத்தாசலம் தேவாரத்தில் முதுகுன்றம்; சிதம்பரம் தில்லை, பெரும்பற்றப்புலியூர்; ஆங்கிலேயர் ஆவணத்திலும் பிரெஞ்சுக்காரர் குறிப்பிலும் எழுத்துக்கூட்டல் வேறு வேறு. பழைய குறிப்பைத் 'திருத்தி' இன்றைய பெயரை மட்டும் போடுகிற அதிகாரி நல்லெண்ணத்தோடு சாட்சியத்தை அழிக்கிறார். எழுதியபடியே ஒரு பத்தியில் வைத்துக்கொண்டு, இன்றைய பெயரை இன்னொரு பத்தியில் சேர்த்து, மாற்றுப் பெயர்களை மூன்றாவதில் இணைப்பதே முறை. யார், எப்போது சேர்த்தார் என்பதும் பதிவாக வேண்டும்.

பட்டியல் இருந்தால்தான் இழப்பு தெரியும் என்பதைக் காட்டுமன்னார்கோயில் வட்டாரத்தின் இரண்டு கதைகள் சொல்கின்றன. அங்கே பிறந்த நாதமுனிகள், குடந்தைப் பெருமாள் மீது நம்மாழ்வார் பாடிய ஒரு பதிகத்தைக் கேட்டார் என்பது வைணவ மரபு. பதிகத்தின் கடைசிப் பாட்டு, இவை ஆயிரத்தில் பத்து என்று கணக்குச் சொல்லியது. மீதி எங்கே என்று தேடிக் குருகூர் வரை போனார், நாலாயிரம் தொகுப்பாயிற்று. பாடலின் முடிவில் ஆசிரியர் பெயரையும் ஊரையும் எண்ணையும் வைத்துக் கட்டுகிற அந்தப் பழக்கத்தை வேறு என்னவென்று சொல்வது? பதிவுக் குறிப்பைப் பொருளுக்குள்ளேயே பூட்டி வைத்திருக்கிறார்கள். பக்கத்துத் திருநாரையூர் நம்பியாண்டார் நம்பியின் கதை இதற்கு மறுபக்கம். சிதம்பரம் கோயிலில் பூட்டிய அறையைத் திறந்தபோது தேவார ஏடுகளைக் கரையான் அரித்திருந்தது. இந்தக் காலத்துக்கு வேண்டியது மட்டும் எஞ்சியது என்று அசரீரி கேட்டது என்கிறது மரபு. பக்தருக்கு அது ஆறுதல். காப்பாட்சியருக்கு ஒரே அறையில் ஒரே பிரதி வைத்ததன் விளைவு.

அந்தப் பழைய உலகத்துக்குப் பாதுகாப்பு என்பது மறுபடி எழுதுவது. ஓலை சில நூற்றாண்டுகள் தாங்கும். அதற்குள் புதிய ஏட்டில் பெயர்த்தெழுத வேண்டும். மின்னணுக் கோப்புக்கு அந்தக் கெடு இன்னும் குறுகியது. ஹார்ட் டிஸ்க் சில ஆண்டுகளில் போகும், குறுந்தகட்டைப் படிக்கும் கருவியே கடையில் அரிதாகிவிட்டது. தமிழுக்குக் கூடுதலாக ஒரு கரையான்: எழுத்துரு. 1990களில் கணினியில் ஏற்றிய பட்டியல்கள் பாமினி, டிஸ்கி என்று ஆளுக்கொரு குறியேற்றத்தில் இருந்தன. 1999இல் தமிழக அரசு டாம், டாப் என்று இரண்டைத் தரமாக அறிவித்தது; 2010இல் யூனிகோடு அரசுத் தரமானது. இடைப்பட்ட காலக் கோப்பை இன்றைய கணினியில் திறந்தால் பிரெஞ்சு எழுத்துகளும் குறிகளுமாகச் சிதறும். மாற்றும் நிரல்கள் உண்டு. ஆனால் கோப்பு எந்தக் குறியேற்றத்தில் உள்ளது என்று ஒரு வரி எழுதி வைத்தால்தான் அவை உதவும். கோயில் நிலக் கணக்கில் வரும் மா, காணி, முந்திரி போன்ற பின்னக் குறிகள் யூனிகோடுக்குள் வந்தது 2019இல். அதற்கு முன் தட்டச்சு செய்தவர்கள் அவற்றுக்குப் பதில் என்ன போட்டார்கள் என்பதைக் கோப்புக்குக் கோப்பு பார்க்க வேண்டியிருக்கிறது.

எவ்வளவு இடம் வேண்டும் என்று ஒரு கணக்கு. 2 கோடியே 40 லட்சம் புள்ளிகள் கொண்ட கேமராவில் எடுத்து, தரம் குறையாத டிஃப் வடிவில், ஒரு நிறத்துக்கு 16 பிட் வீதம் வைத்தால் படம் ஒன்று 144 மெகாபைட். ஒரு சிலைக்கு ஆறு கோணம், 1,000 பொருள் என்றால் 864 ஜிகாபைட். மூன்று பிரதி வைத்தால் இரண்டரை டெராபைட்டுக்குச் சற்று மேல். கடையில் வாங்கும் ஒரே வட்டில் அடங்கிவிடும் அளவு இது. ஆபத்தும் அங்கேதான்: மூன்று பிரதியையும் ஒரே வட்டில், ஒரே மேசையில் வைத்துவிடுவார்கள்.

கடலூருக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. 2004 டிசம்பர் 26 சுனாமியில் தேவனாம்பட்டினமும் அண்டைக் குப்பங்களும் பட்டது தெரியும். 2011 டிசம்பர் 30 காலையில் தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையேறியது. 2015இல் வெள்ளம். விருத்தாசலத்தின் சாட்சிப் படம் இருந்த புதுச்சேரியும் இதே கரையில்தான் இருக்கிறது. ஆகவே பிரதிகளில் ஒன்றாவது கடலுக்கு எட்டாத ஊரில், வேறு மின்கட்டமைப்பில், வேறு வகை ஊடகத்தில் இருக்க வேண்டும். வைத்தால் மட்டும் போதாது. கோப்பு மாறாமல் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். கோப்பின் பிட்டுகள் அனைத்திலிருந்தும் கணக்கிட்டு ஒரு நீண்ட குறியீட்டை உருவாக்கி ஆரம்பத்திலேயே குறித்துக்கொள்வார்கள். செக்சம் என்பது அதன் பெயர். ஓராண்டு கழித்துக் கணக்கிடும்போது ஒரே ஒரு பிட் புரண்டிருந்தாலும் குறியீடு முழுக்க வேறாக வரும். கெட்ட பிரதியை நல்ல பிரதியிலிருந்து மாற்றிவிடலாம். ஆண்டுதோறும் பரணிலிருந்து ஏட்டை இறக்கித் தூசி தட்டி எண்ணெய் பூசிய குடும்பங்கள் செய்த வேலையின் தொடர்ச்சி இது. அதைச் செய்ய மாதச் சம்பளத்தில் ஒருவர் வேண்டும் என்பதைத்தான் திட்ட அறிக்கைகள் மறந்துவிடுகின்றன. ஸ்கேன் செய்ய ஒருமுறை நிதி ஒதுக்குவார்கள், சரிபார்க்க ஒதுக்குவதில்லை.

எல்லாவற்றையும் இணையத்தில் போட்டுவிடலாமா? இங்கே எனக்கு முழு உடன்பாடில்லை. காவலில்லாத கிராமக் கோயிலின் திருமேனியை அளவோடும் வழியோடும் வெளியிடுவது திருடனுக்கு வரைபடம் தருவதாகும். கருவறைப் படங்களை வெளியிட மரபும் ஒப்பாது. பொதுப் பதிவில் பெயர், காலம், பொதுப் படம். நுண்ணளவுகளும் அடையாளக் குறிகளும் உரியவர் பார்வைக்கு மட்டும் என்று இரண்டு அடுக்காகப் பிரிப்பது நடக்கக்கூடியது. ஆனால் ரகசியம் என்ற பெயரில் முழுக்கப் பூட்டுவதும் கேடு. விருத்தாசலத்தில் பழைய அர்த்தநாரீசுவரர் போன இடத்தில் புதிய சிலை ஒன்று நின்றது. கும்பிட வந்தவர்கள் எதை வைத்து ஒப்பிட்டுப் பார்த்திருப்பார்கள்? சான்று புதுச்சேரியில், ஆய்வாளர்களின் அட்டையில் இருந்தது.

பண்ருட்டி வட்டம் மருங்கூரில் மாநிலத் தொல்லியல் துறை 2024 ஜூனில் அகழாய்வைத் தொடங்கியது. இத்தகைய அகழாய்வில் வெளிவரும் ஓட்டுச் சில்லு ஒவ்வொன்றும் எந்தக் குழி, எந்த மண்ணடுக்கு, எவ்வளவு ஆழம் என்ற குறிப்போடு பைக்குள் போகிறது. அந்தக் குறிப்புகள் பொருளோடு சேர்ந்தே அருங்காட்சியகத்துக்கும் இணையத்துக்கும் வர வேண்டும். தமிழில் வர வேண்டும். விருத்தாசலம் என்றோ முதுகுன்றம் என்றோ தமிழில் தட்டினால் தன் ஊர்க் கோயிலின் பழைய படமும் அது எடுக்கப்பட்ட ஆண்டும் கைப்பேசியில் வருமானால், கோட்டத்தில் நிற்பது பழைய சிலையா புதிய சிலையா என்று அந்த ஊர்க்காரரே பார்த்துக்கொள்வார்.